பொய் வழக்கின் லாபம் தீர்ப்பில் இல்லை, வாய்தாவில் இருக்கிறது

சொத்துத் தகராறில் பொய் வழக்குப் போடுகிறவர்களில் பலர் அதில் ஜெயிப்போம் என்று எதிர்பார்ப்பதில்லை. அவர்களுக்கு வேண்டியது காலம். காலி செய்ய வேண்டிய வீட்டில் இன்னும் சில ஆண்டுகள் குடியிருக்கலாம். பங்காளி விற்கப் போகும் நிலத்தை யாரும் வாங்காதபடி முடக்கலாம். ‘ஏதோ ஒரு தொகையைக் கொடுத்து முடித்துவிடலாம்’ என்று எதிராளியே இறங்கி வரும்வரை இழுக்கலாம். இந்த மூன்றில் ஒன்று நடந்துவிட்டால், பத்து வருடம் கழித்து வழக்கு தள்ளுபடியானாலும் போட்டவருக்கு நஷ்டம் இல்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் பொய் வழக்கைத் தடுக்கும் பிரிவுகளுக்குக் குறைவில்லை. ஆனால் அவற்றில் பெரும்பாலானவை தீர்ப்பு நாளில்தான் வேலை செய்யத் தொடங்குகின்றன. ஆதாயமோ முதல் வாய்தாவிலேயே கைக்கு வந்துவிடுகிறது. சிக்கலின் வேர் இங்கேதான் இருக்கிறது.

இந்தியாவின் கீழமை நீதிமன்றங்களில் நாலரைக் கோடிக்கு மேல் வழக்குகள் நிலுவையில் இருக்கின்றன. அவற்றில் உரிமையியல் வழக்குகள் மட்டும் ஒரு கோடியைத் தாண்டும். பத்து லட்சம் பேருக்கு 50 நீதிபதிகளாவது வேண்டும் என்று சட்ட ஆணையம் 1987-ல் தன் 120-வது அறிக்கையில் பரிந்துரைத்தது. இன்றைக்கு இருப்பது சுமார் 21. இந்த நெருக்கடி முழுவதையும் பொய் வழக்கின் தலையில் கட்டிவிட முடியாது. நீதிபதி பணியிடங்கள் காலியாகக் கிடப்பதும், அரசுத் துறைகளே ஏராளமான வழக்குகளில் கட்சிக்காரராக இருப்பதும், பட்டாவும் பத்திரமும் ஒன்றுக்கொன்று முரண்படுவதும் பெரிய காரணங்கள்.

தோற்கும் வழக்கு எல்லாம் பொய் வழக்கு ஆகிவிடாது என்பதையும் முதலிலேயே சொல்லியாக வேண்டும். சாட்சி பலவீனமாக இருக்கலாம், சட்டக் கேள்வி புதிதாக இருக்கலாம், பத்திரம் தொலைந்திருக்கலாம். அப்படிப்பட்டவர் நீதிமன்றம் வருவது அவரது உரிமை. இங்கே பேசுவது, தன் கோரிக்கை பொய் என்று தெரிந்தே போடப்படும் வழக்கைப் பற்றியும், ஒருமுறை தோற்றுப்போன விஷயத்தையே வேறு பெயரில், வேறு கோர்ட்டில் மறுபடி கிளப்பும் வழக்கைப் பற்றியும்தான்.

உள்ளே நுழைய எவ்வளவு ஆகும்?

தமிழ்நாட்டில் பணத்தை வசூலிக்க வழக்குப் போட்டால் கோரும் தொகைக்கு ஏற்ப நீதிமன்றக் கட்டணம் கட்ட வேண்டும். 2017-ல் இது 7.5 சதவீதத்திலிருந்து 3 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. உண்மையான கோரிக்கை உள்ள ஏழைக்கு இது நல்ல மாற்றம். ஆனால் இழுத்தடிக்க நினைப்பவர் இந்த வழியில் வருவதில்லை. அவர் போடுவது பெரும்பாலும் வெறும் நிரந்தரத் தடை கோரும் வழக்கு, அதாவது ‘என் அனுபவத்தில் (சொத்தை நான் கைவசம் வைத்து ஆண்டுவருவதில்) பிரதிவாதி தலையிடக் கூடாது’ என்பது மட்டும். அதற்கு வாதி தானே மதிப்பிட்டுக் காட்டும் சிறு தொகைக்குத்தான் கட்டணம். இல்லையென்றால் பாகப்பிரிவினை வழக்கு. சொத்து கூட்டு அனுபவத்தில் இருப்பதாக ஒரு வரி எழுதிவிட்டால், கோடி ரூபாய் மனைக்கும் நிலையான சிறு கட்டணமே போதும். அந்த ஒரு வரி பொய் என்று நிரூபணமாவது விசாரணையின் கடைசியில்.

உரிமையே சர்ச்சைக்குள்ளாகியிருந்தால் உரிமை விளம்புகை, அதாவது சொத்து தனக்கே உரியது என்ற நீதிமன்ற அறிவிப்பு, கேட்காமல் வெறும் தடை மட்டும் கேட்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2008-லேயே தெளிவாக்கிவிட்டது. ஆனாலும் பிராதில் (வாதி தாக்கல் செய்யும் வழக்குரையில்) எதிராளியின் பத்திரத்தைப் பற்றி மூச்சே விடாமல் எழுதினால், சர்ச்சை இருப்பதே நீதிபதிக்குத் தெரிய வழியில்லை. பிராது எண்ணிடப்படும் கட்டத்தில் அலுவலகம் பார்ப்பது கட்டணம், எல்லை, காலவரம்பு, ஆவணப் பட்டியல் ஆகியவற்றைத்தான். உள்ளடக்கம் உண்மையா என்று பார்க்கும் கட்டம் அது இல்லை.

முதல் நாள் உத்தரவு

வழக்கோடு சேர்த்து, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 39, விதிகள் 1, 2-ன் கீழ் இடைக்காலத் தடை கேட்டு ஒரு மனு தாக்கலாகும். அவசரம் என்று நீதிமன்றம் கருதினால் எதிர்த்தரப்பைக் கேட்காமலே தடை தரலாம். இதற்குச் சட்டம் மூன்று கட்டுப்பாடுகள் வைத்திருக்கிறது. எதிர்த்தரப்பைக் கேட்காமல் தருவதற்கான காரணத்தை நீதிபதி எழுத வேண்டும். உத்தரவு பெற்றவர் மனு, பிராது, ஆவணங்களின் நகல்களை உடனே எதிராளிக்குப் பதிவுத் தபாலில் அனுப்பி, அன்றோ மறுநாளோ அதற்குப் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்ய வேண்டும். மனுவை 30 நாட்களுக்குள் முடிக்க நீதிமன்றம் முயல வேண்டும்.

முறிவது இந்த மூன்றாவதில். எதிராளியின் முகவரியை அரைகுறையாகக் கொடுத்தால் அறிவிப்பு திரும்பி வரும். மறுபடி அறிவிப்பு, அதற்கு ஒரு வாய்தா. பத்துப் பதினைந்து பேரைப் பிரதிவாதிகளாகச் சேர்த்திருந்தால் ஒவ்வொருவருக்கும் அறிவிப்பைச் சேர்ப்பித்து முடிக்க மாதங்கள் ஓடும். இடைக்கால உத்தரவு ஒவ்வொரு வாய்தாவிலும் ‘நீட்டிக்கப்படுகிறது’ என்ற ஒற்றை வரியில் தொடரும். தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 2000-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம், 30 நாளில் மனு முடிக்கப்படாவிட்டால் பாதிக்கப்பட்டவர் அந்தத் தடை உத்தரவை எதிர்த்து நேராக மேல்முறையீடு செய்யலாம் என்று தீர்ப்பளித்தது. பயனுள்ள ஆயுதம் இது. ஆனால் பல பிரதிவாதிகளுக்கு இப்படி ஒரு வழி இருப்பதே சொல்லப்படுவதில்லை.

தடை உத்தரவே இல்லாவிட்டாலும் வழக்கு நிலுவையில் இருப்பது ஒன்றே சொத்தை முடக்கப் போதும். சொத்துரிமை மாற்றுச் சட்டம் பிரிவு 52-ன்படி, வழக்கு நடக்கும்போது வாங்குகிறவர் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவர். அதனால் கையில் பணம் வைத்திருப்பவரும் அட்வான்ஸ் கொடுக்கத் தயங்குவார், வங்கியும் கடன் தராது.

ஒரு வழக்கு எத்தனையாகப் பெருகுகிறது

நிலுவைப் பட்டியலில் ஒரு அசல் வழக்கு ஒரு எண்ணாகத் தெரியும். நீதிபதியின் மேசையில் அது அப்படி இருப்பதில்லை. இடைக்காலத் தடைக்கு ஒரு மனு, அதை நீக்கக் கேட்டு ஒரு மனு. நிலத்தைப் பார்வையிட ஆணையர் வேண்டும் என்று ஒன்று, அவர் அறிக்கை சரியில்லை என்று இன்னொன்று. பிராதைத் திருத்த, புதிய தரப்பினரைச் சேர்க்க, தாமதமாக ஆவணம் தாக்கல் செய்ய, முடிந்த சாட்சியத்தை மறுபடி திறக்க, சாட்சியை மறுபடி அழைக்கத் தனித்தனி மனுக்கள். வாதியே வராமல் இருந்து வழக்கு தள்ளுபடியானால் அதை மீட்டெடுக்க மனு. கெடு தாண்டிவிட்டால் தாமதத்தை மன்னிக்க அதற்கு முன்னால் ஒரு மனு. ஒவ்வொன்றுக்கும் பதிலுரை, வாதம், உத்தரவு உண்டு. பல உத்தரவுகளின் மேல் அரசமைப்புச் சட்டம் 227-வது உறுப்பின் கீழ் உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு வரும். அங்கே இடைக்காலத் தடை கிடைத்தால் கீழே விசாரணை நின்றுவிடும்.

அப்படி நின்றுபோன விசாரணைகளுக்காகவே உச்ச நீதிமன்றம் 2018-ல் ஒரு தீர்வு சொன்னது: விசாரணைக்கு விதிக்கப்பட்ட தடை, காரணம் காட்டி நீட்டிக்கப்படாவிட்டால், ஆறு மாதத்தில் தானாகவே விலகிவிடும். 2024 பிப்ரவரியில் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை ரத்து செய்தது. உண்மையான காரணத்துக்காகத் தடை பெற்றவரும், தன் தவறு எதுவும் இல்லாமல், நீதிமன்றத்துக்கு நேரமில்லாததால் பாதிக்கப்படுகிறார் என்பது அதன் காரணங்களில் ஒன்று. அது நியாயமானதே. ஆனால் தடையை நீக்கக் கேட்டு மனுப் போட்டு, அது பட்டியலில் வரும்வரை காத்திருக்கும் பாரம் மறுபடி எதிர்த்தரப்பின் தோளில் ஏறிவிட்டது.

2002-ல் நடைமுறைக்கு வந்த திருத்தங்கள் பிரதிவாதியின் எதிருரைக்கு 30 நாள், அதிகபட்சம் 90 நாள் என்றும், விசாரணையில் ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் கூடாது என்றும் கெடு வைத்தன. சேலம் வழக்கறிஞர் சங்கம் தொடுத்த வழக்கில் இந்தத் திருத்தங்களை 2005-ல் உச்ச நீதிமன்றம் ஆராய்ந்தது. திருத்தங்கள் செல்லும் என்றாலும், கட்சிக்காரர் கையில் இல்லாத காரணங்கள் இருந்தால் நீதிபதி கெடுவைத் தளர்த்தலாம் என்று விளக்கம் தந்தது. விதிவிலக்காக வைக்கப்பட்ட தளர்வு நடைமுறையில் வழக்கமாகிவிட்டது. பட்டியலில் நூறு வழக்குகள் இருக்கும் நாளில் ‘வாய்தா’ என்று கேட்பவருக்கு மறுப்பதைவிடக் கொடுப்பது விரைவாக முடிகிற வேலை. மறுக்க வேண்டுமென்றால் காரணம் எழுதி, சாட்சியை அப்போதே விசாரித்தாக வேண்டும்.

டிகிரி கிடைத்த பிறகு

இழுத்தடிப்பின் உண்மையான களம் நிறைவேற்றுகை, அதாவது டிகிரியை (தீர்ப்பின்படியான நீதிமன்ற ஆணையை) நடைமுறைப்படுத்தும் கட்டம். அசல் வழக்கில் எல்லா நிலைகளிலும் தோற்றவர், நிறைவேற்றுகை மனு (இ.பி.) தாக்கலாகி, அமீனா எனப்படும் நீதிமன்ற ஊழியர் வாசலுக்கு வரும் நாளில் தன் மகனையோ தம்பியையோ முன்னிறுத்துவார். ‘இது பூர்வீகச் சொத்து, என் பங்குக்கு அந்தத் தீர்ப்பு என்னைக் கட்டுப்படுத்தாது’ என்று மகன் புதிதாக ஒரு பாகப்பிரிவினை வழக்குப் போடுவார். அல்லது ‘நான்தான் குத்தகைதாரர்’ என்று பதிவு செய்யாத ஒரு காகிதத்தோடு ஒருவர் குறுக்கே நிற்பார். கட்டளை 21, விதிகள் 97 முதல் 101 வரை, இப்படிக் குறுக்கிடுபவரின் உரிமையை நிறைவேற்றும் நீதிமன்றமே முழுமையாக விசாரித்து முடிவு செய்ய வேண்டும், தனி வழக்கு கூடாது என்கின்றன. நல்ல நோக்கத்தோடு 1976-ல் வந்த மாற்றம் இது. நடப்பில், முடிந்துபோன வழக்குக்குள்ளேயே சாட்சி, குறுக்கு விசாரணை, மேல்முறையீடு என்று இன்னொரு முழு வழக்கு முளைக்கிறது.

இ.பி.யை ஆறு மாதத்தில் முடிக்க வேண்டும் என்று 2021-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. அதே தீர்ப்பில் இன்னொன்றும் சொன்னது: சுவாதீனம் (சொத்தைக் கைவசம் பெறுதல்) கோரும் வழக்குகளில், தொடக்கத்திலேயே கட்டளை 10-ன் கீழ் தரப்பினரைக் கூப்பிட்டு, சொத்தில் வேறு யாருக்காவது உரிமை உண்டா என்று கேட்டுப் பதிவு செய்துகொள்ள வேண்டும். பின்னாளில் முளைக்கும் மகனையும் குத்தகைதாரரையும் முன்னாலேயே அடையாளம் காணும் வழி அது. ஆறு மாதக் கெடு எல்லோருக்கும் நினைவிருக்கிறது. இந்தக் கேள்வியைக் கேட்க வேண்டும் என்பது அவ்வளவாக நினைவில் இல்லை. 2025 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் முடித்துவைத்த ஒரு வழக்கு 1980-களில் தமிழ்நாட்டில் கிரய ஒப்பந்தத்தின் மேல் தொடங்கியது. டிகிரி பெற்ற குடும்பம், சாகுபடிக் குத்தகைதாரர்கள் என்று குறுக்கே வந்தவர்களோடு நிறைவேற்றுக் கட்டத்தில் மல்லுக்கட்ட வேண்டியிருந்தது. அந்த வழக்கையொட்டி நாடு முழுவதும் எத்தனை இ.பி.க்கள் தேங்கியிருக்கின்றன என்று கணக்குக் கேட்கப்பட்டது. அவ்வாண்டு அக்டோபரில் வந்த விவரப்படி 8.8 லட்சத்துக்கும் மேல். தமிழ்நாட்டில் மட்டும் 86 ஆயிரத்துக்கும் மேல். ஒவ்வொன்றும் ஏற்கெனவே ஜெயித்தவர் ஒருவர் காத்திருக்கும் கதை.

வாசலிலேயே நிறுத்தும் விதி

கட்டளை 7, விதி 11-ன் கீழ், வழக்குமூலம் (வழக்குப் போடுவதற்கான அடிப்படை) இல்லாத, சட்டத்தால் தடைசெய்யப்பட்ட, கட்டணம் குறைவாகக் கட்டித் திருத்தாமல் விட்ட பிராதை விசாரணையின்றியே நிராகரிக்கலாம். 1977-ல் நீதிபதி வி.ஆர். கிருஷ்ண ஐயர் இந்த விதிக்கு உயிர் கொடுத்தார். கர்நாடகத்தில் உயர் நீதிமன்றம் வரை தோற்று, காலி செய்ய அவகாசமும் வாங்கிக்கொண்ட தரப்பு, அந்த உத்தரவே மோசடியால் பெறப்பட்டது என்று புது வழக்குப் போட்டது. அது திரும்பப் பெறப்படும் என்ற அடிப்படையில் மேலும் அவகாசம் வாங்கிய பிறகும், வேறொரு முன்சீப் கோர்ட்டில் இன்னொன்று போட்டது. பிராதை அர்த்தம் புரியும்படி வாசித்து, அது வெறும் வார்த்தை ஜாலம் என்று தெரிந்தால் முதல் விசாரணையிலேயே முளையில் கிள்ள வேண்டும், கட்டளை 10-ன் கீழ் வாதியை நேரில் கேள்வி கேட்க வேண்டும் என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். அரை நூற்றாண்டாக எல்லா நீதிமன்றங்களிலும் மேற்கோள் காட்டப்படும் தீர்ப்பு இது.

ஆனால் இந்த விதிக்கு ஒரு எல்லை உண்டு. பிராதையும் அதோடு தாக்கலான ஆவணங்களையும் மட்டுமே நீதிபதி பார்க்கலாம். பிரதிவாதி கையில் எவ்வளவு வலுவான பத்திரம் இருந்தாலும் இந்தக் கட்டத்தில் அது கணக்கில் வராது. ஆகவே துப்புக்கெட்ட பொய் மாட்டிக்கொள்ளும், தேர்ந்த கையால் எழுதப்பட்ட பொய் தப்பிவிடும். ஏற்கெனவே தீர்ப்பான விஷயம் என்ற வாதமும் இதனால்தான் இங்கே பெரும்பாலும் எடுபடுவதில்லை. பழைய வழக்கின் பிராதையும் தீர்ப்பையும் ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும், அது விசாரணைக்குரியது என்று 2021-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பிராதின் ஒரு பகுதியை மட்டும் நிராகரிக்கவும் முடியாது, முழுதாக நிராகரிக்க வேண்டும் அல்லது விட வேண்டும். அதனால் பத்துப் பொய்க் கோரிக்கைகளுக்கு நடுவே உயிருள்ள ஒரு கோரிக்கையைச் செருகிவிட்டால் வழக்கு நிற்கும். பிரதிவாதிகளும் இந்த விதியைத் தவறாகப் பயன்படுத்துவதுண்டு. எதிருரை போடாமல் காலம் கடத்த, பலிக்காது என்று தெரிந்தே நிராகரிப்பு மனுப் போட்டு, அது தள்ளுபடியானதும் சீராய்வுக்குப் போகிறார்கள்.

பலிக்கும் இடம் பெரும்பாலும் காலவரம்பு. பத்திரத்தை ரத்து செய்யவோ விளம்புகை கேட்கவோ மூன்று ஆண்டுகள்தான். ‘போன மாதம்தான் தெரிந்தது’ என்று எல்லோரும் எழுதுவார்கள். ஆனால் வாதியே கையெழுத்திட்ட பதிவுப் பத்திரத்தைப் பற்றி அப்படி எழுத முடியாது. குஜராத்தில் 2009-ல் கிரயம் எழுதிக் கொடுத்தவர்கள், முழுப் பணம் வரவில்லை என்று 2014 இறுதியில் போட்ட வழக்கின் பிராது நிராகரிக்கப்பட்டதை 2020-ல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. பிராதிலும் இணைப்புகளிலும் உள்ள தேதிகளே அதற்குப் போதுமானவையாக இருந்தன.

விலை வைக்காத காலம்

தெரிந்தே பொய் வழக்குப் போட்டவர் எதிராளிக்கு இழப்பீட்டுச் செலவுத்தொகை தர வேண்டும் என்கிறது பிரிவு 35-அ. அதன் உச்சவரம்பு 3,000 ரூபாய். 1976-ல், ஆயிரத்திலிருந்து உயர்த்தி வைத்த தொகை அது. போதிய காரணமின்றி இடைக்காலத் தடை வாங்கி எதிராளியை நஷ்டப்படுத்தியவரிடம் பிரிவு 95-ன் கீழ் 50,000 ரூபாய் வரை வாங்கலாம். வாங்கிவிட்டால் அதே தடைக்காகத் தனி நஷ்டஈட்டு வழக்குப் போட முடியாது. நகரத்தில் ஒரு வீட்டின் சில மாத வாடகை இந்த 50,000-த்தைத் தாண்டும். தடையால் பத்து வருடம் முடங்கிய ஒருவருக்கு இது எந்த வகையிலும் ஈடாகாது.

பொதுவான வழக்குச் செலவு பற்றிய பிரிவு 35-ல் உச்சவரம்பு இல்லை. உண்மையில் ஆன நியாயமான செலவைத் தர வேண்டும் என்று 2005 சேலம் வழக்கிலேயே சொல்லப்பட்டது. ஆனால் ‘அவரவர் செலவை அவரவரே ஏற்க வேண்டும்’ என்ற வரியோடு முடியும் தீர்ப்புகளே அதிகம். இதில் வழக்கறிஞர்களுக்கும் பங்கு உண்டு. செலவுப் பட்டியலை ரசீதுகளோடு தாக்கல் செய்யாவிட்டால் நீதிபதி எந்தக் கணக்கில் தொகை விதிப்பார்? சட்ட ஆணையம் 2012-ல் 240-வது அறிக்கையில் 35-அ வரம்பை ஒரு லட்சமாக உயர்த்தச் சொன்னது. 2014-ல் நீதிபதி ஜே.எஸ். கேஹர், கட்டாயச் செலவுத்தொகைக்கென்றே தனிச் சட்டம் கொண்டுவரலாம் என்று ஒரு தீர்ப்பில் யோசனை சொன்னார். 2015 வணிக நீதிமன்றங்கள் சட்டம் வணிக வழக்குகளுக்கு மட்டும், தோற்றவர் செலவைத் தருவதே பொது விதி என்று ஆக்கி, 3,000 ரூபாய் வரம்பையும் எடுத்துவிட்டது. சாதாரண நில வழக்குக்கு இது பொருந்தாது.

எல்லா வழக்கிலும் பெரிய தொகை விதிப்பதை நாம் கேட்கவில்லை. தோற்றுவிட்டால் வீட்டை விற்க வேண்டும் என்ற பயத்தில், உண்மையாக நிலம் பறிபோன ஒரு சிறு விவசாயி வராமல் போனால் அது இன்னும் பெரிய அநீதி. சரியான இடம் 2011-ல் உச்ச நீதிமன்றம் காட்டியது: எதிர்த்தரப்பைக் கேட்காமல் இடைக்கால உத்தரவு தரும்போதே, வழக்கு பின்னால் தள்ளுபடியானால் எதிராளிக்கு ஏற்பட்ட நஷ்டத்தையும் உண்மையான செலவையும் வாதி தர வேண்டும் என்று நிபந்தனை சேர்ப்பது. காலத்துக்கு விலை அங்கேயே, அந்த உத்தரவிலேயே எழுதப்படும். தடை கேட்காமல் வழக்கு நடத்துகிறவரை அது தொடாது.

பொய் சத்தியத்துக்கான தண்டனைப் பிரிவுகள் இருக்கின்றன. நீதிமன்றத்தில் பொய்க் கோரிக்கை வைப்பது பாரதிய நியாய சன்ஹிதா பிரிவு 246-ன் கீழ் குற்றம். ஆனால் எதிராளி நேரே போலீசுக்குப் போக முடியாது. அந்த நீதிமன்றமே விசாரித்துப் புகார் கொடுக்க வேண்டும். தேங்கிய வழக்கு ஒன்றை ஒருவழியாக முடித்த நீதிபதி, அதிலிருந்து இன்னொன்றைத் தொடங்குவது அபூர்வம். தொடர்ந்து வழக்குப் போடுவதையே பழக்கமாகக் கொண்டவர்களுக்கு எதிராகச் சென்னை மாகாணம் 1949-லேயே தனிச் சட்டம் கொண்டுவந்தது. அரசுத் தலைமை வழக்கறிஞர் மனுவின் பேரில் உயர் நீதிமன்றம் உத்தரவிட்டால், அந்த நபர் முன் அனுமதியின்றி வழக்கே போட முடியாது. மாநிலத்தின் உச்ச சட்ட அதிகாரி வழியாகத்தான் போக வேண்டும் என்பதால், ஒரு மனைக்காக நாலு வழக்குப் போட்ட பங்காளியை நிறுத்த இது உதவுவதில்லை.

பிரதிவாதி செய்ய வேண்டியது

வழக்கு வரும் என்று தெரிந்தவுடன் பிரிவு 148-அ-ன் கீழ் கேவியட், அதாவது ‘என்னைக் கேட்காமல் உத்தரவிடக் கூடாது’ என்ற முன்மனு, போட வேண்டும். அதன் ஆயுள் 90 நாள், முடியும்போது புதிதாகப் போட வேண்டும். எதிராளிக்கு நகலைப் பதிவுத் தபாலில் அனுப்ப வேண்டும். ஒருவர் பெயரில் மட்டும் போட்டால் அவர் மனைவி பெயரிலோ மகன் பெயரிலோ வழக்கு வரும். முன்சீப் கோர்ட்டில் மட்டும் போட்டால் சப் கோர்ட்டில் வரும். வரக்கூடிய எல்லாப் பெயர்களுக்கும், எல்லைக்குட்பட்ட எல்லா நீதிமன்றங்களிலும் போடுவதே பயன் தரும். கேவியட் வழக்கை நிறுத்தாது, கேட்காமல் தடை தருவதை மட்டும் நிறுத்தும்.

சம்மன் வந்தால் வக்காலத்தோடு சேர்த்து, தடை மனுவுக்குப் பதிலுரையை முதல் வாய்தாவிலேயே தாக்கல் செய்ய வேண்டும். பதிலுரைக்கு வாய்தா கேட்கும் ஒவ்வொரு முறையும் எதிராளியின் தடை நம் செலவிலேயே நீள்கிறது. வாதி நகல் அனுப்பிய பிரமாணப் பத்திரம் போட்டாரா என்று நீதிமன்றத்தில் உள்ள வழக்குக் கட்டைப் பார்வையிட வேண்டும். போடவில்லையென்றால் தடையை நீக்கக் கேட்க அதுவே வலுவான காரணம். பழைய வழக்குகளின் பிராது, தீர்ப்பு, டிகிரி ஆகியவற்றின் சான்றிட்ட நகல்களுக்கு அன்றே மனுப் போட வேண்டும், அவை வந்துசேர நாளாகும். வழக்கு பொய் என்ற ஆட்சேபத்தை எதிருரையிலேயே எழுதியாக வேண்டும். ஆரம்பத்தில் எழுப்பாத ஆட்சேபத்துக்குப் பிரிவு 35-அ தொகை கிடைக்காது. எதிராளி தேவையின்றி வாய்தா வாங்கினால் பிரிவு 35-ஆ-ன் கீழ் செலவுத்தொகை கேட்க வேண்டும். அந்தத் தொகையை அடுத்த வாய்தாவுக்குள் கட்டாவிட்டால் அவர் வழக்கை மேலே நடத்த முடியாது. இருக்கும் ஆயுதங்களில் உடனே வலிப்பது இது ஒன்றுதான்.

சமரச மையத்துக்கு அனுப்பும்போது கவனம் தேவை. உண்மையான தகராறுக்குச் சமரசம் நல்ல வழி, முடிந்தால் நீதிமன்றக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். ஆனால் பேரம் பேசுவதற்காகவே வழக்குப் போட்டவருக்கு அந்த மேசைதான் இலக்கு. அங்கே போகும் முன் தடை மனுவில் உத்தரவு வாங்கிவிடுவது நல்லது. தடை நீங்கியபின் அவர் கேட்கும் தொகை பெரும்பாலும் இறங்கிவிடும்.